கத்தி கட்டிய கை

இருபது ஆண்டுகளுக்கு முன், இராமநாதபுரம் அரண்மனைப் பக்கத்துச் சந்துகளில் பிரவுசிங் சென்டர்கள் முளைத்திருந்த காலத்தில், மணிக்கு இவ்வளவு என்று காசு கொடுத்துக் கணினி முன் அமர்ந்து கோட்டை கட்டிப் போர் செய்த பையன்களை நாங்கள் ஏளனமாகத்தான் பார்த்தோம். எங்களுக்கு மின்னஞ்சல் பார்க்க வேண்டும், இணைய இதழ்களில் வந்த கட்டுரைகளைப் படிக்க வேண்டும்; அவர்களோ இடத்தை விடமாட்டார்கள். அந்த எரிச்சலில், கணினி விளையாட்டு இலக்கிய வாசகன் பொருட்படுத்தத் தக்க விஷயமன்று என்று முடிவு கட்டிவிட்டோம். அம்முடிவு தவறு என்று சொல்லவே இப்போது எழுதுகிறோம்.

தவறை உணர்த்தியவர் எங்கள் வாசகர் வட்டத்தின் இளைய நண்பர். சென்ற ஐப்பசி அடைமழையில் கூட்டம் சேராத ஒரு மாலை. அவர் தம் மடிக்கணினியில் ஒரு போர் ஆட்டத்தைத் திறந்துவைத்துவிட்டுக் கைகட்டி உட்கார்ந்தார். விசைப்பலகையை அவர் தொடவில்லை. திரையில் குடியானவர்கள் மரம் வெட்டினார்கள், வயல் உழுதார்கள், மதில் எழுப்பினார்கள். பிறகு படைகள் புறப்பட்டன. ஒரு நகரம் எரிந்தது. ‘யார் ஆடுகிறார்கள்?’ என்று கேட்டோம். ‘யாருமில்லை. இரண்டு பக்கமும் கணினிதான். நாம் பார்க்கலாம், அவ்வளவே’ என்றார்.

மனிதர் ஒருவரும் ஆடாத ஆட்டத்தை மனிதர்கள் அமர்ந்து பார்ப்பது எங்களுக்கு முதலில் விந்தையாகவும் பின்னர் சற்று அச்சமாகவும் இருந்தது. ஆனால் இரவு பத்து மணி வரை ஒருவரும் எழவில்லை.

இது புதிய பழக்கமும் அன்று. 1966-ஆம் ஆண்டின் இறுதியில் அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் இயங்கிய ஒரு சதுரங்க நிரலும் மாஸ்கோவின் கோட்பாட்டு, சோதனை இயற்பியல் நிறுவனத்தின் நிரலும் ஒன்றோடொன்று மோதின. நகர்வுகள் தந்தியில் போய்வந்தன. நான்கு ஆட்டங்கள் 1967 வரை மாதக்கணக்கில் நீண்டு, இரண்டு வெற்றி, இரண்டு சமன் என்று மாஸ்கோ வென்றது. பனிப்போர்க் காலத்தில் இரு வல்லரசுகளின் இயந்திரங்கள் பொருத, இரு பக்கத்து அறிஞர்களும் தந்தித்தாளைப் பார்த்துக் காத்திருந்தார்கள். 2017 டிசம்பரில் வெளிவந்த ஆய்வொன்றில், தனக்குத் தானே ஆடிச் சதுரங்கம் கற்ற ‘ஆல்ஃபா ஜீரோ’, அன்றைய வலிய நிரல்களுள் ஒன்றான ‘ஸ்டாக்ஃபிஷ்’ஷோடு ஆடிய நூறு ஆட்டங்களில் ஒன்றிலும் தோற்காமல் இருபத்தெட்டை வென்றது. அவற்றுள் வெளியிடப்பட்ட சில ஆட்டங்களை நம் ஊர்ச் சதுரங்க மாணவர்களும் உட்கார்ந்து படித்தார்கள்.

போர் ஆட்டங்களில் இதைச் செய்வதற்கு முன்பெல்லாம் தந்திரம் வேண்டியிருந்தது. 1999-இல் வெளிவந்த ‘ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ்’ இரண்டாம் ஆட்டத்தில் மனிதனுக்கு ஓர் இடம் கட்டாயம். ஆகவே ஆர்வலர்கள் வரைபடத்தின் ஒரு மூலையில், நாற்புறமும் மரம் நட்டு, தம் பங்குக்கு ஓர் ஒற்றை ஆளை நிறுத்திவிடுவார்கள். அவனால் வெளியே வரவும் முடியாது, அவனை எவரும் அணுகவும் முடியாது. பிறகு ‘மார்க்கோ’, ‘போலோ’ என்ற இரண்டு மறைசொற்களைத் தட்டினால் நிலம் முழுவதும் கண்ணுக்குத் திறந்துகொள்ளும். இப்போதைய பதிப்புகளில் இந்தத் தொல்லை இல்லை, பார்வையாளராகவே அமரலாம். விலையின்றிக் கிடைக்கும் ‘ஜீரோ ஏ.டி.’ என்ற ஆட்டத்திலும் எல்லா இடங்களையும் கணினிக்கே கொடுத்துவிட்டு வேடிக்கை பார்க்கலாம்.

மரங்களுக்கு நடுவே நின்ற அந்த ஒற்றை ஆள் எங்கள் மனத்தை விட்டு அகலவில்லை. போரில் பங்கில்லை என்று சொல்லிக்கொண்டு, போர் முழுவதையும் பார்க்கும் கண் அவனுடையது. அவன் யார் என்பதே எங்கள் கேள்வியாயிற்று.

*

குறுந்தொகையில் ஒரு புலவரின் இயற்பெயர் மறைந்து, அவர் ஆண்ட உவமையே அவருக்குப் பெயராகிவிட்டது. குப்பைக்கோழியார் என்று அவரை அழைக்கிறோம். குப்பைமேட்டில் இரண்டு கோழிகள் பொருகின்றன. விலக்கிவிட ஆளில்லை. அது தானாக ஓய்ந்தால்தான் உண்டு. காமநோய்க்குச் சொன்ன உவமை அது. கணினிகளின் போரைக் கண்டவுடன் எங்களில் ஒருவர் அந்தப் பாட்டைத்தான் நினைவுகூர்ந்தார். ஏவுவாரும் இல்லை, விலக்குவாரும் இல்லை. இதுவே குப்பைக்கோழிச் சண்டை என்றார்.

இன்னொருவர் மறுத்தார். அவர் சிறுவயதில் தம் ஊரில் சேவற்கட்டு பார்த்து வளர்ந்தவர். சேவற்கட்டிலும் மனிதர் சண்டையிடுவதில்லை; சுற்றி நின்று பார்க்கிறார்கள். ஆனால் சேவலைப் பழக்கியவன் ஒருவன் இருக்கிறான். எடை பார்த்து, நிறம் பார்த்து, நாள் பார்த்து எதிர்ச்சேவலைத் தேர்ந்தவன் இருக்கிறான். காலில் கத்தி கட்டியவன் இருக்கிறான். களத்தில் விட்டபிறகு அவன் கையைத் துடைத்துக்கொண்டு கூட்டத்தோடு கூட்டமாக நின்றுவிடுகிறான். ‘கணினியாட்டம் இரண்டாவது வகை. கத்தி கட்டிய கை எது என்று பாருங்கள்’ என்றார் அவர்.

வாதம் முற்றியது. சோதித்துப் பார்த்துவிடுவோம் என்று முடிவாயிற்று. எந்தப் போரை ஆடவிடுவது என்பதில் தயக்கமே எழவில்லை. இராமேசுவரம் கரையில் நடந்த, இரண்டு நாட்டார் இரண்டு விதமாகச் சொல்லிவைத்திருக்கிற, எண்ணூற்றைம்பது ஆண்டுப் பழைய போர் ஒன்று இருக்கிறதே!

*

வாசகர்களுக்கு அதைச் சுருக்கமாக நினைவூட்டிவிடுகிறோம். பன்னிரண்டாம் நூற்றாண்டின் அறுபதுகளில் மதுரை அரியணைக்காகப் பராக்கிரம பாண்டியனும் குலசேகர பாண்டியனும் பொருதார்கள். மதுரையில் முற்றுகைக்குள்ளான பராக்கிரமன் இலங்கை வேந்தன் முதலாம் பராக்கிரமபாகுவிடம் துணை கேட்டான். துணை வந்துசேருமுன் குலசேகரன் மதுரையைக் கைப்பற்றி அவனைக் கொன்றுவிட்டான். ஆயினும் படை திரும்பவில்லை. தண்டநாயகன் இலங்காபுரன் கடல் கடந்து வந்து இராமேசுவரத்தைப் பிடித்தான். அத்தீவின் குந்துகாலில் தன் அரசன் பெயரால் பராக்கிரமபுரம் என்ற கோட்டையை எழுப்பினான். பிறகு கொலையுண்டவனின் மகன் வீரபாண்டியனை அரியணையேற்றுவதாகச் சொல்லி உள்நாட்டில் முன்னேறினான். அஞ்சுகோட்டை, செம்பொன்மாரி, நெட்டூர், பொன்னமராவதி என்று இன்றும் நாம் பேருந்தில் கடந்துபோகும் ஊர்கள் அந்தப் போரின் களங்கள். குலசேகரனுக்குச் சோழர் துணை நின்றனர்.

இதை ஆட்டமாக அமைக்க நாங்கள் ‘ஏஜ் ஆஃப் எம்பயர்’ஸையே எடுத்துக்கொண்டோம். 2022-இல் வந்த அதன் இந்திய விரிவாக்கத்தில் திராவிடர் என்ற நாகரிகம் சேர்க்கப்பட்டிருக்கிறது. இராசேந்திர சோழன் பெயரால் ஒரு படையெடுப்புத் தொடரும் உண்டு. சிங்களர்க்கெனத் தனி நாகரிகம் எதுவும் எங்களுக்குக் கிடைக்கவில்லை. வேறொரு நாட்டாரின் உடையை அவர்களுக்கு உடுத்திவிட்டோம். இந்த முதல் அநீதி எங்கள் கையால் நிகழ்ந்தது என்பதைக் குறித்துக்கொள்ளவும்.

பிறகு நிலம் வரைந்தோம். வடக்கே பாக் நீரிணை, தெற்கே மன்னார் வளைகுடா, நடுவே நீட்டிய விரல்போலத் தீவு. உள்நிலத்தில் ஆட்டம் தரும் பச்சைப்புல்லை அழித்துவிட்டுச் செம்மண்ணும் மணலும் இட்டோம். பனைகளை நட்டோம். கண்மாய்களுக்குச் சிறுசிறு குளங்கள் வெட்டினோம். இவ்வளவு வறண்ட நிலத்தில் கணினி ஆட்டக்காரனுக்கு விறகு போதாமல் போகும் என்று இளைய நண்பர் எச்சரித்தார். அவர் சொன்னதே நடந்தது. மதுரைப் பக்கம் கொஞ்சம் காடு சேர்த்துக் கொடுத்தோம். ஏன் அந்தப் பக்கம் மட்டும் கொடுத்தோம் என்று அப்போது எவரும் கேட்கவில்லை.

முதல் ஆட்டத்தில் போரே நடக்கவில்லை. தலைமன்னார்க் கரையில் இலங்கைப் படை திரண்டு நின்றது, நின்றுகொண்டே இருந்தது. கப்பலில் ஆளேற்றி எதிர்க்கரையில் இறக்குவது இவ்வகை ஆட்டங்களின் கணினிகளுக்கு நெடுங்காலமாகக் கைவராத கலை என்று நண்பர் விளக்கினார். குலசேகரன் மதுரையில் நிம்மதியாக உழுது, மாடு மேய்த்து, மதில்மேல் மதில் கட்டிக்கொண்டிருந்தான். ஒன்றரை மணி நேரம் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு நாங்கள் ஒரு காரியம் செய்தோம். தனுஷ்கோடி முனைக்கும் மன்னாருக்கும் இடையே கடலின்மேல் ஆழமில்லாத் திட்டுகளை வரிசையாக இட்டு, படை நடந்து கடக்கும்படி ஆக்கிவிட்டோம்.

இட்டு முடித்தபிறகுதான் என்ன செய்திருக்கிறோம் என்பது உறைத்தது. நாங்களும் ஒரு சேது கட்டியிருந்தோம்.

அடுத்த ஆட்டத்தில் இலங்கைப் படை அலையலையாகக் கடந்தது. இராமேசுவரம் வீழ்ந்தது, குலசேகரன் பணிந்தான். திட்டுகளின் அகலத்தைக் குறைத்து மீண்டும் விட்டோம். படை நெருக்கியடித்துச் சிக்கி நின்றது, குலசேகரன் வென்றான். கணினிகள் அதே கணினிகள், விதிகளும் அதே விதிகள். எலியை இரண்டு முறை சுண்டியதில் ஒரு வேந்தன் தோற்றான், மறுமுறை வென்றான். சேவற்கட்டு பார்த்து வளர்ந்த நண்பர் ஒன்றும் சொல்லாமல் புன்னகைத்தார்.

எங்கள் கருத்தின் முதற்பாதி இதுதான். கணினிகள் மட்டும் ஆடும் ஆட்டத்தில் ‘யாருமில்லை’ என்பது பொய். நிலத்தை வரைந்தவன், இரு பக்கத்துக்கும் பொருளைப் பகிர்ந்தவன், எப்போது தொடங்குவது என்று குறித்தவன், அவனே பெரிய ஆட்டக்காரன். அவன் கை படையின்மீது படாதிருக்கலாம், கத்தியின்மீது பட்டிருக்கிறது. இப்படிப்பட்ட ஆட்டத்தை ஒருமுறை தன் கையால் அமைத்துப் பார்த்தவன், ‘சண்டை தானாக மூண்டது’ என்று செய்தித்தாளில் வரும் வாக்கியத்தைப் பிறகு ஒருபோதும் முன்போலப் படிக்கமாட்டான். பாடப்புத்தகம் தராத பயிற்சி இது.

*

இரண்டாம் பாதி பார்க்கும் கண்ணைப் பற்றியது.

இந்த ஆட்டங்களில் மறைமூட்டம் என்று ஒன்று உண்டு. ஒரு பக்கத்தாரின் ஆட்கள் நிற்கும் இடத்தைச் சுற்றிச் சிறிது தூரம் மட்டுமே அவர்களுக்குத் தெரியும். மற்ற நிலமெல்லாம் இருட்டு. பார்வையாளருக்கோ மூட்டம் முழுவதையும் நீக்கிப் பருந்துபோல மேலிருந்து பார்க்கலாம். ஏறத்தாழ எல்லோரும் அப்படித்தான் பார்க்கிறார்கள். ஆனால் ஒரே சொடுக்கில் ஏதேனும் ஒரு பக்கத்தாரின் கண்ணுக்கு மாறிக்கொள்ளவும் முடியும். அப்போது அவருக்குத் தெரிவது மட்டுமே நமக்கும் தெரியும்.

ஒரே போரை மூன்று முறை ஓட்டிப் பார்த்தோம். மேலிருந்து பார்த்தபோது அது அழகாக இருந்தது. எறும்புச் சாரைபோலப் படைகள், புள்ளிபோல நெருப்பு. யார் எங்கே தவறு செய்தார் என்று விமர்சித்துக்கொண்டே தேநீர் குடித்தோம். வென்றவன் கண்ணால் பார்த்தபோது நிலம் மெல்ல மெல்ல ஒளி பெற்று விரிந்தது. உலகம் நமக்காகவே திறக்கிறது என்ற மயக்கம் உண்டாயிற்று. தோற்றவன் கண்ணால் பார்த்தபோதுதான் பேச்சு நின்றது. இருட்டிலிருந்து படை வருகிறது. எவ்வளவு பேர் என்று தெரியவில்லை, எந்தத் திசை என்று தெரியவில்லை. ஒரு காவற்கோபுரம் விழ, அது காட்டிக்கொண்டிருந்த நிலம் இருளில் மறைகிறது. அடுத்த கோபுரமும் விழுகிறது. இறுதியில் திரையில் ஒரு கையகல வெளிச்சம் மட்டும் மிச்சம்.

அந்தப் பழைய போரின் சான்றுகளும் இப்படித்தான் நம்மிடம் வந்து சேர்ந்திருக்கின்றன. ‘சூளவம்சம்’ இலங்கைப் படையின் கண். அதில் இலங்காபுரன் ஊர்மேல் ஊராக வென்றுகொண்டே போகிறான். வெற்றியோடு கதை முடிகிறது, அவன் முடிவு சொல்லப்படுவதில்லை. சிறைப்பட்ட தமிழர்கள் இலங்கைக்குக் கொண்டுபோகப்பட்டு, முன்னொரு காலத்தில் தமிழர் அழித்ததாகச் சொல்லப்படும் அநுராதபுரத்து மகாதூபியைப் பழுதுபார்க்கப் பணிக்கப்பட்டார்கள் என்ற செய்தியும் அதில் உண்டு.

காஞ்சிபுரத்தை அடுத்த ஆர்ப்பாக்கத்துக் கல்வெட்டு வேறொரு கண். இரண்டாம் இராசாதிராசனின் ஐந்தாம் ஆட்சியாண்டைச் சேர்ந்தது அது. இலங்கைப் படை இராமேசுவரத்துக் கோயிலின் வழிபாட்டை நிறுத்திப் பொருளைக் கவர்ந்தது என்கிறது. அஞ்சிய எதிரிலிசோழச் சம்புவராயன் ஞானசிவரான உமாபதிதேவரை வேண்ட, அவர் இருபத்தெட்டு நாள் வழிபாடு செய்தார். அதன்பின் பகைவர் முறியடிக்கப்பட்ட செய்தி வந்தது. அதற்காக அவ்வூரே அவருக்குக் கொடையாயிற்று. பல்லவராயன்பேட்டைக் கல்வெட்டோ இலங்காபுரன் முதலியோரின் தலைகள் மதுரைக் கோட்டைவாயிலில் ஆணியறைந்து வைக்கப்பட்டன என்கிறது. ஒரே மனிதன் ஓர் ஏட்டில் வெற்றிவீரன், ஒரு கல்லில் வாயிற்கதவில் தலை.

பிற்பாடு நடந்ததை எந்தக் கணினியும் ஆடியிராது. சோழர் துணையால் மதுரையை மீட்ட அதே குலசேகரன் சில ஆண்டுகளில் இலங்கையோடு உறவு கொண்டான். அறைந்த தலைகளை அகற்றினான். சோழர் இப்போது வீரபாண்டியன் பக்கம் சாய்ந்தனர். எவனை விரட்டப் படை அனுப்பினார்களோ அவனையே அரியணையில் ஏற்றினார்கள். எங்கள் ஆட்டத்தில் தொடக்கத்திலேயே அணிகளைப் பூட்டிவைத்திருந்தோம். பூட்டைத் திறந்துவிட்டிருந்தாலும், இயந்திரத்துக்கு மனத்தாங்கல் உண்டாக வழியில்லை. பழைய நன்றியை மறக்கவும் அதற்குத் தெரியாது.

இயந்திரத்துக்குத் தெரியாதவை இன்னும் உண்டு. இந்தக் கரையில் கடல் ஒன்றல்ல, இரண்டு. வாடை வீசும் மாதங்களில் வடகடல் கொந்தளிக்கத் தென்கடல் அடங்கிக் கிடக்கும். சோழகம் எழுந்தால் தென்கடல் சீறும், வடகடலில் வலை விரிக்கலாம். பாம்பன் மீனவர் எவரைக் கேட்டாலும் சொல்வார். படகில் படை கொண்டுவந்த தண்டநாயகனும் இந்தக் கணக்கைப் பார்க்காமல் புறப்பட்டிருக்க முடியாது. ஆட்டத்தின் கடலிலோ காற்றே இல்லை. ஆண்டு முழுவதும் ஒரே நீலம்.

*

இரண்டு மறுப்புகளை எதிர்பார்க்கிறோம்.

‘விளையாட்டைப் போய் இவ்வளவு பெரிதாக்குவானேன்?’ என்பது முதலாவது. 2020 ஆகஸ்டில் அமெரிக்கப் பாதுகாப்புத் துறையின் ஆய்வு அமைப்பான ‘டார்ப்பா’, போர்விமானம் செலுத்தும் நிரல்களுக்குள் ஒரு போட்டி நடத்தியது. எட்டுக் குழுக்களின் நிரல்கள் கணினிக்குள் கட்டிய வானத்தில் ஒன்றையொன்று வேட்டையாடின; விரும்பியவர்கள் இணையத்தில் நேரலையாகப் பார்த்தார்கள். முதலிடம் பெற்ற நிரல், முடிவில் அனுபவமிக்க எஃப்-16 விமானி ஒருவரை அதே கணினி வானத்தில் ஐந்துக்குப் பூஜ்யம் என்று வென்றது. பையன்கள் பொழுதுபோக்காகச் செய்வதை அரசுகள் ஒத்திகையாகச் செய்கின்றன. கணினிகள் பொருதும் போரைப் பார்க்கக் கற்பது இனி குடிமக்கள் அனைவருக்கும் தேவைப்படும் கல்வி. அதைப் பாதுகாப்பான மேசைமேல் கற்றுக்கொள்ள இந்த ஆட்டங்கள் வாய்ப்பளிக்கின்றன.

‘போரை வேடிக்கை பார்ப்பதே இழிவு’ என்பது இரண்டாவது. இம்மறுப்பை மதிக்கிறோம். ஆனால் நம் இலக்கியம் இதை நெடுங்காலமாகவே யோசித்திருக்கிறது. கலிங்கத்துப்பரணியில் போர்க்களத்தைப் பார்த்துவந்து காளிக்குச் சொல்வது ஒரு பேய். கேட்டு மகிழ்ந்து, களத்துக்குப் போய்க் கூழ் சமைத்து உண்பவையும் பேய்களே. போரை வேடிக்கையாக நுகர்பவர் யாராவர் என்பதைச் செயங்கொண்டார் விளையாட்டாகச் சொன்னாரா, வினையாகச் சொன்னாரா என்று எங்களுக்குள் இன்றும் வாதம் உண்டு. பாரதத்தில் வியாசர் போரைக் காணும் கண்ணைத் திருதராட்டிரனுக்கே தர முன்வருகிறார். தன் மக்கள் மடிவதைக் காண அவன் மறுக்கிறான், சஞ்சயன் வாயால் கேட்கச் சம்மதிக்கிறான். பார்க்க அஞ்சியவன், தடுக்கவும் செய்யவில்லை. இவர்கள் நடுவே கோவூர்கிழாரை நிறுத்திப் பாருங்கள். உறையூர் முற்றுகையில் நலங்கிள்ளியும் நெடுங்கிள்ளியும் எதிரெதிர் நிற்க, இருவர் மாலையும் ஒன்றே, இருவர் குடியும் ஒன்றே என்று அவர் கண்ணுக்குப் பட்டது. பட்டதை அவர்கள் முகத்துக்கு நேரே சொன்னார்.

ஆகவே பார்ப்பதா வேண்டாமா என்பதன்று எங்கள் கேள்வி. பேயாகப் பார்க்கிறோமா, திருதராட்டிரனாகக் கேட்கிறோமா, கோவூர்கிழாராகக் காண்கிறோமா என்பதே. மேலிருந்து மட்டும் பார்ப்பவன் முதலாமவன் ஆகிவிடும் அபாயம் பெரிது. அதனால்தான், இவ்வாட்டங்களை அமைத்துப் பார்ப்போர்க்கு, சிறப்பாகப் பள்ளி மாணவர்களுக்கு, ஒன்றை வலியுறுத்துகிறோம். மூட்டத்தை நீக்காதீர்கள். தோற்றவன் கண்ணில் இருந்து ஒருமுறையாவது முழுப்போரையும் பாருங்கள். பிறகு நிலத்தை யார் அப்படி வரைந்தது என்று கேளுங்கள்.

*

ஒன்று மட்டும் மிச்சமிருக்கிறது.

எங்கள் ஆட்டத்தில் ஊர்மணி என்று ஒன்று உண்டு. பகை நெருங்கினால் மணி ஒலிக்கும். வயலில் நிற்பவன், விறகு வெட்டுபவன், மீன் பிடிப்பவன் எல்லோரும் ஓடி ஊர்நடுக் கட்டடத்துக்குள் ஒளிந்துகொள்வார்கள். ஆபத்து நீங்கியதும் வெளியே வந்து விட்ட இடத்தில் வேலையைத் தொடர்வார்கள். ஒரு பக்கம் தோற்றதும் அவ்வளவுதான், ஆட்டம் முடிந்தது என்று திரை சொல்லிவிடும். தோற்ற நாட்டின் குடிகள் அதற்குப் பின் எங்கே போனார்கள் என்று காட்ட ஆட்டத்தில் இடமில்லை. வரைபடத்தை விட்டு வெளியேறும் ஆள் என்று ஒருவனை அந்த ஆட்டம் அறியவே அறியாது.

நம் கரை அறியும். 1983-க்குப் பின் இருபத்தைந்து ஆண்டுகளுக்கும் மேலாக, அலையலையாகப் படகுகள் வந்தன. படகோட்டிகள் பலரைத் தனுஷ்கோடிக்கு அப்பால் மணல்திட்டுகளில் இறக்கிவிட்டுத் திரும்பினார்கள். முன்னொரு காலத்தில் இலங்கைத் தோட்டங்களுக்குப் போன கூலிகளை நோய்த்தடுப்புக்காக நிறுத்திவைத்த மண்டபம் முகாம், அங்கிருந்து திரும்பி ஓடிவந்தவர்களைத் தாங்கிக்கொண்டது. போர் 2009-இல் முடிந்தது. 2022-இல் பொருளாதாரம் நொறுங்கியபோது மறுபடியும் சில படகுகள் வந்தன. அப்போதும் அதே திட்டுகள்.

ஆட்டத்தில் போர் நடக்கவேண்டும் என்பதற்காக எந்த இடத்தில் நாங்கள் ஆழமில்லாத் திட்டுகளை வரிசையாக இட்டோமோ, அதே இடம். எங்களுக்குப் படை கடக்க ஒரு வழி தேவைப்பட்டது, இட்டோம். அங்கே கைக்குழந்தையோடு இடுப்பளவு நீரில் நின்று விடியலுக்காகக் காத்திருந்தவர்கள் உண்டு என்பது எங்கள் எல்லோருக்கும் தெரியும். எங்களில் இருவர் அவர்களுக்குச் சோறு கொண்டுபோனவர்கள். ஆயினும் எலியைச் சுண்டிய நேரத்தில் எங்கள் ஐவரில் ஒருவருக்கும் அது நினைவுக்கு வரவில்லை.

மேலிருந்து பார்ப்பது அவ்வளவு எளிதில் மறக்கவைக்கிறது. அதை எழுதிவைக்க வேண்டும் என்று தோன்றிற்று. அந்த வரைபடத்தை அழித்துவிடவில்லை. அடுத்த கூட்டத்தில் மீண்டும் திறப்பதாக இருக்கிறோம். இம்முறை படைகளை விடுவதற்கு முன்பு, அந்தத் திட்டுகளில் ஒன்றின்மேல் படைக்கலம் ஏதும் இல்லாத ஒற்றை ஆளை நிறுத்துவோம். மரம் நட்டு அவனை மறைக்கமாட்டோம். அவன் கண்ணுக்குத் தெரிவதை மட்டும் திரையில் வைத்துக்கொண்டு, போரைத் தொடங்குவோம்.